சேஃப்டிக்கு இன்னொன்று

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், இந்தக் கதையில் சூனியக்காரி நான்தான். யாரும் திட்டி வைத்த பெயர் இல்லை, என் பிழைப்பே அதுதான். முப்பது வருஷமாக டப்பிங் பேசுகிறேன். முதல் நாள் என் தொண்டையைக் கேட்ட ஒரு புண்ணியவான், இந்தக் குரலுக்குக் கிழவி வேஷம் பொருந்தும் என்று தீர்ப்பு எழுதிவிட்டார். அப்போது எனக்கு வயது இருபத்தாறு. அன்றிலிருந்து மாமியார், பேய், சூனியக்காரி தவிர வேறொருத்தி என் வாய்க்கு வாய்த்ததில்லை. அந்த மனுஷன் இன்னும் நன்றாகத்தான் இருக்கிறார், இருந்துவிட்டுப் போகட்டும்.

ஆனால் இது இளவரசியின் கதை. பெற்றவர்கள் அவளுக்கு வைத்த பெயர் வேறு. ஸ்டூடியோவில் யாரும் அதைச் சொல்லி அழைத்ததில்லை. வெளிநாட்டுத் தொடர் எது வந்தாலும் கதாநாயகிக்கு அவள்தான் பேசுவாள், அதில் பாதிப் பேர் இளவரசிகள். வயது நாற்பத்து மூன்று. ஒல்லியான உடம்பு, முன்நெற்றியில் நரை, நாள் முழுக்க நின்று நின்று குதிகாலில் வலி. மைக் முன்னால் வாயைத் திறந்தால் மட்டும் பதினேழு. அந்தக் குரலை வேலை முடிந்ததும் கழற்றி வைக்க அவள் மறந்துவிட்டாள் என்று நினைக்கிறேன். வீட்டிலும் அதே குரல்தான். பார்சல் கொண்டு வந்தவன் ஒருமுறை போனில், "வீட்ல பெரியவங்க இருந்தா குடும்மா" என்று சொல்லியிருக்கிறான்.

அண்ணன் வீட்டில் பின்கட்டு அறையில் இருந்தாள். ஒரு கட்டில், ஒரு இஸ்திரி மேஜை, மூலையில் வாஷிங் மெஷின். மெஷின் ஓடும்போதுதான் அவள் காதல் வசனம் சொல்லிப் பார்ப்பாள், அண்ணன் காதில் விழக் கூடாதே என்று. அண்ணியும் பொல்லாதவள் இல்லை. என்றைக்காவது துணி அதிகம் சேர்ந்தால், "இன்னைக்கு ராஜகுமாரன் ரெண்டு சுத்து வருவான்" என்று கிண்டல் செய்வாள், அவ்வளவுதான்.

கல்யாணம் ஏன் ஆகவில்லை என்று கேட்பீர்கள். இருபத்து நான்கு வயதில் ஒரு வரன் வந்தது. பையனை இவளுக்குப் பிடித்துவிட்டது. போய்ப் போன் செய்கிறோம் என்றார்கள். செய்யவில்லை. ஒரு வருஷம் போன் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள், தானாக ஒரு தடவை கூப்பிட்டுக் கேட்கவில்லை. தலையில் எழுதியிருந்தால் வருவார்கள் என்றாள். பிறகு தெரிந்தது, அவர்கள் நம்பர் எழுதிய சீட்டைத் தொலைத்துவிட்டு, இவர்களுக்குத்தான் இஷ்டமில்லை போலிருக்கிறது என்று வேறு இடம் பார்த்துவிட்டார்கள். அதற்கும் தலையெழுத்து என்றுதான் சொன்னாள். அதற்கப்புறம் வந்த வரன்களை எல்லாம், மனசில் ஒன்றும் தோன்றவில்லை என்று தட்டிக் கழித்தாள். அண்ணி சொல்லிச் சொல்லி வாய் வலித்துப்போய் விட்டுவிட்டாள்.

விதி, தலையெழுத்து என்றெல்லாம் யாராவது சொன்னால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். என் வீட்டுக்காரரை எந்த விதியும் கொண்டு வந்து விடவில்லை. நான்தான் பஸ் ஸ்டாப்புக்குப் போய்க் கூட்டிக்கொண்டு வந்தேன். குறட்டை விடுகிறார்தான். நானே தேடிக்கொண்ட குறட்டை, யாரைக் குறை சொல்ல முடியும்.

அப்படிப்பட்ட என் தலையில் வந்து விழுந்தது அந்தத் தொடர். மந்திரம், பறக்கும் குதிரை, ஏழு ஜென்மம் எல்லாம் உண்டு. இளவரசியின் மணிக்கட்டிலும் ஒரு வாள்வீரனின் மணிக்கட்டிலும் பிறக்கும்போதே ஒரு வெள்ளி நூல் கட்டியிருக்கும். அது சூனியக்காரியின் கண்ணுக்கு மட்டும்தான் தெரியும். அவர்கள் எங்கே பிரிந்து போனாலும் நூல் இழுத்துக்கொண்டு வந்து சேர்த்துவிடும். நூலைச் சுற்றி வைத்திருக்கும் ராட்டைக் கதிர் என் கையில். வாரத்துக்கு ஐந்து நாள், மூன்று வருஷம், "விதியை யாரும் வெல்ல முடியாது" என்று நான் தொண்டை கிழியச் சொன்னேன். வயிற்றுப் பிழைப்பு. டப்பிங் அறைக் கண்ணாடிக்கு அந்தப் பக்கம், வெளி அறையில் உட்கார்ந்து அதை வேதவாக்காகக் கேட்டுக்கொண்டிருந்தாள் அவள்.

வசனம் எழுதியவரை நாங்கள் 'வசனம் சார்' என்போம். ஐம்பதை எட்டியவர், மனைவி காலமாகி ஒன்பது வருஷம், தனி ஆள், அதிர்ந்து பேசமாட்டார். அவர் வேலை எளிதானது இல்லை. திரையில் இருக்கிறவள் ஏதோ ஒரு பாஷையில் வாயசைத்து முடித்துவிட்டாள். அந்த அசைவுக்குள் தமிழை உட்கார வைக்க வேண்டும். அவள் வாய் மூடும் இடத்தில் நம் வார்த்தையும் மூட வேண்டும். யாராவது அலுத்துக்கொண்டால் சொல்வார், "வாய் அவங்களோடது, அதை மாத்த முடியாது. வார்த்தை நம்மளோடது."

முதுகு ஷாட் வந்தால் மட்டும் அவருக்குக் கொண்டாட்டம். ஆள் முதுகைக் காட்டி நின்றால் வாய் தெரியாது, எதை வேண்டுமானாலும் சொல்லலாம். அந்த இடங்களில் பேப்பரில் இருப்பதை விட்டுவிட்டு, வெளி அறையிலிருந்து மைக்கில் புது வரி சொல்வார். அது இளவரசியின் ஹெட்ஃபோனில் கேட்கும். கேட்டதும் ஏன், எதற்கு என்று கேட்காமல் அப்படியே திருப்பிச் சொல்லிவிடுவாள், அழுகை வேண்டிய இடத்தில் அழுகையோடு. ஒரே டேக். டேக் எவ்வளவு நன்றாக வந்தாலும் அவர் ஒன்று கேட்பார், "சேஃப்டிக்கு இன்னொண்ணு." முதலாவதில் ஏதாவது கோளாறு தெரிந்தால் கை கொடுக்க ஒன்று உபரியாக இருக்கட்டும் என்று எல்லா ஸ்டூடியோவிலும் செய்வதுதான். இவர் ஒரு வரிக்குக்கூட விட்டதில்லை.

டப்பிங் அறையில் பசி ஆகாது. வயிறு உறுமினால் மைக் பிடித்துவிடும். இளவரசி காலையில் அவசரத்தில் சாப்பிடாமல் வருவாள், பதினொரு மணிக்கு அவள் வயிறு வசனம் பேச ஆரம்பிக்கும். வசனம் சார் ஒருநாள் தன் மேஜை டிராயரில் ஒரு பிஸ்கட் பாக்கெட் வாங்கி வைத்தார். ஒன்றும் சொல்லவில்லை. பத்தே முக்காலுக்கு டிராயரைத் திறந்து வைப்பார், அவள் இரண்டு எடுத்துக்கொள்வாள், ரப்பர் பேண்ட் போட்டு மூடுவார். மூன்று வருஷம் இதுதான் அவர்களுக்குள் நடந்த பெரிய பரிமாற்றம்.

இதற்குள்ளேயே அவள் காதலில் விழுந்துவிட்டாள். டீ குடிக்கும்போது என்னிடம் சொன்னாள். "அக்கா, நேத்து இளவரசிக்கு ஒரு வரி எழுதியிருந்தாரே, 'நீ பேசாமல் இருக்கும்போதுதான் உன் பேச்சு எனக்குக் கேட்கிறது'ன்னு. அது அவளுக்கு எழுதினதா, எனக்கு எழுதினதா?"

எனக்கு எப்படித் தெரியும்? போய்க் கேளடி என்றேன். வெண்ணெயைக் கையில் வைத்துக்கொண்டு நெய்க்கு அலையாதே என்றேன். அவள் டீ தம்ளரைத் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, நூல் இருந்தால் இழுக்கும் அக்கா என்றாள். என் வசனத்தையே என்னிடம் சொன்னாள். கோபத்தில் அவள் டீக்கும் சேர்த்து நானே காசு கொடுத்துவிட்டு வந்தேன்.

இப்போது அந்த நாளுக்கு வருகிறேன். நான் அங்கேதான் இருந்தேன், அதுதான் இன்னும் ஆறவில்லை. வெளி அறையில் சோபாவில் சாய்ந்துகொண்டு என் முறைக்குக் காத்திருந்தேன். பக்கத்தில் சவுண்ட் இன்ஜினியர், மைக் அருகே வசனம் சார், கண்ணாடிக்குள் இளவரசி. திரையில் அவள் நாடு கடத்தப்பட்டுப் போகிற காட்சி. கோட்டை வாசலில் நமக்கு முதுகைக் காட்டி நிற்கிறாள். பேப்பரில் அங்கே ஒரு பெருமூச்சு மட்டும்தான்.

வசனம் சார் பொத்தானை அழுத்தினார். பிறகு மெதுவாகச் சொன்னார். "நான் போறேன். போகணும்னு ஆசை இல்ல. இருன்னு ஒரு வார்த்தை போதும், இருந்துடுவேன்."

உள்ளே இளவரசி தலையாட்டினாள். ரெக்கார்டிங் ஓடுகிறது என்று காட்டும் சிவப்பு விளக்கு முதலிலிருந்தே எரிந்துகொண்டிருந்தது. காட்சி ஓடியது. அதே வரியை, ஒரு எழுத்துப் பிசகாமல், கேட்டவன் கல்லாக இருந்தாலும் கரைகிற மாதிரி பதினேழு வயதுக் குரலில் சொன்னாள். சொல்லிவிட்டுக் கண்ணாடி வழியாகப் பார்த்து, "ஓகேவா சார்?" என்றாள்.

அவர் "ஓகே" என்றார். எழுந்து தண்ணீர் குடிக்கப் போனார்.

நானும் வசனம் என்றுதான் நினைத்தேன். முப்பது வருஷம் இந்தத் தொழிலில் கழுதை மாதிரி உழைத்திருக்கிறேன், ஒரு மனுஷன் வசனம் சொல்கிறானா வாழ்க்கையைச் சொல்கிறானா என்று எனக்குத் தெரியவில்லை. மறுநாள் அவர் வரவில்லை. வேறு ஊரில் புதிதாக ஒரு ஸ்டூடியோ திறந்திருக்கிறார்கள், அங்கே போய்விட்டார், கடைசி எபிசோடு வரைக்கும் எழுதிக் கொடுத்துவிட்டுத்தான் போயிருக்கிறார் என்றார்கள். அந்தப் புது வேலைக்குச் சம்மதம் சொல்ல அந்த நாள்தான் கடைசி என்பது எங்களுக்குப் பிறகுதான் தெரிந்தது.

அதற்குப் பிறகு இரண்டு மாதம் இளவரசியைப் பார்க்கச் சகிக்கவில்லை. வேலையில் குறை இல்லை, வந்தாள், பேசினாள், போனாள். டிராயரில் ரப்பர் பேண்ட் போட்ட பாக்கெட்டில் ஏழு பிஸ்கட் மிச்சம் இருந்தது. அதை அவள் தின்னவும் இல்லை, தூக்கிப் போடவும் விடவில்லை. பதினொரு மணிக்கு வயிறு உறுமும், அவருக்குப் பதிலாக வந்தவர் தலையில் அடித்துக்கொள்வார், இன்னொரு டேக் போவார்கள். வசனம் சார் எழுதிய பழைய பேப்பர்களை எல்லாம் வீட்டுக்கு எடுத்துப் போனாள். மூச்சு விட வேண்டிய இடத்தில் அவர் பென்சிலால் ஒரு சின்னக் கோடு போட்டிருப்பார். கட்டிலில் உட்கார்ந்து அந்தக் கோடுகளை விரலால் தடவிக்கொண்டிருந்தாளாம், அண்ணி என்னிடம் போனில் சொன்னாள். சாயங்காலம் தொடர் ஒளிபரப்பாகும்போது டிவியைச் சத்தம் இல்லாமல் வைத்துவிட்டு வெறும் வாயசைவைப் பார்த்துக்கொண்டிருப்பாளாம். "நல்ல டாக்டரா பாருங்க" என்றாள் அண்ணி. எந்த டாக்டரிடம் கூட்டிப்போவது?

ஒருநாள் மத்தியானம் இன்ஜினியர் என்னைக் கூப்பிட்டார். கோட்டை வாசல் எபிசோடை அன்றைக்குத்தான் குரலையும் இசையையும் சேர்க்கிற மிக்ஸிங்குக்கு எடுத்திருக்கிறார். "அக்கா, இந்த இடத்துல சேஃப்டி டேக் இல்ல. அவர் எடுக்காம விட்டதே கிடையாது. ஏன்னு பார்க்கலாம்னு முழுசாக் கேட்டேன். நீங்களும் கேளுங்க" என்றார்.

ஒன்று சொல்ல வேண்டும். இத்தனை வருஷம் ஹெட்ஃபோன் மாட்டி மாட்டி இளவரசிக்குக் காது கொஞ்சம் மந்தம். ஹெட்ஃபோனில் சத்தத்தை முழுக்கத் திருப்பி வைத்துக்கொள்வாள், போனிலும் அப்படித்தான். அதனால் காதுக்குள் கேட்பது வெளியே கசிந்து மைக்கில் விழும். இன்ஜினியர் திட்டித் தீர்க்கிற விஷயம் அது. அன்றைக்கு அதுதான் உதவியது. அவள் குரலுக்கு முன்னால், தகரத்துக்குள்ளிருந்து வருகிற மாதிரி, அவர் குரல் இருந்தது. "நான் போறேன். போகணும்னு ஆசை இல்ல." திரையைப் பார்க்காமல் அதை மட்டும் கேட்டால், வசனம் இல்லை என்று குழந்தைக்கும் புரியும். நடுவில் இரண்டு தடவை எச்சில் விழுங்குகிறார்.

அவளைக் கூட்டிவந்து கேட்க வைத்தோம். நின்றபடியே கேட்டாள். முடிந்ததும் திரும்பப் போடச் சொன்னாள். ஐந்தாவது தடவைக்குப் பிறகு இன்ஜினியர் தானாக நிறுத்திவிட்டார்.

"அவர் என்கிட்ட கேட்டிருக்கார்," என்றாள். "நான் ஓகேவான்னு கேட்டிருக்கேன்."

பிறகு வந்தது அழுகை. இளவரசியின் அழுகையை ஆயிரம் தடவை கேட்டிருக்கிறேன், இது அது இல்லை. மூக்கு ஒழுகுகிற, பார்க்க லட்சணமில்லாத அழுகை. நானும் சேர்ந்து அழுதேன், சும்மா சொல்வானேன்.

அழுது முடித்து அவள் கண்டுபிடித்த வழி இருக்கிறதே, அதைக் கேட்டதும் எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சம் இல்லை. கடைசி எபிசோடில் ஒரு முதுகு ஷாட் இருக்கிறது, அதில் அவருக்குப் பதில் சொல்லிவிடுகிறேன், டிவியில் வரும், அவர் பார்த்தால் புரிந்துகொள்வார் என்றாள். பார்க்காவிட்டால்? பார்க்காவிட்டால் தலையில் எழுதவில்லை என்று அர்த்தம் என்றாள்.

"அன்னைக்கு போன் பக்கத்துல உக்காந்தே, இன்னைக்கு டிவி பக்கத்துல உக்காரப் போறியா?" என்றேன்.

"மூணு வருஷம் பக்கத்துல பக்கத்துல இருந்தும் சேரலைன்னா அதுக்குப் பேரு விதிதானே அக்கா?"

"அதுக்குப் பேரு விதி இல்லடி. ரெண்டு பேரும் வாயை மூடிக்கிட்டு இருந்தீங்க. அவராவது ஒரு தடவை திறந்தார்."

அவள் பையை எடுத்துக்கொண்டு போய்விட்டாள். நாலு நாள் என்னோடு பேச்சே இல்லை.

ஐந்தாவது நாள் கடைசி எபிசோடு. காலையில் என் பகுதிதான் முதலில். அவள் வெளி அறையில் சோபாவில் உட்கார்ந்திருந்தாள். அந்தக் கதை எழுதிய வெளிநாட்டு மகராசன் வாழ்க, கடைசியில் சூனியக்காரிக்கே அலுத்துப்போய், கதிரிலிருந்து நூலை அறுத்துவிடுகிறாள். வசனம் சார் எனக்கு எழுதி வைத்திருந்தார்: "நூலை அறுத்துவிட்டேன். இனி உங்களை யாரும் இழுக்கமாட்டார்கள். வேண்டும் என்றால் நீங்களே நடந்து போங்கள்." திரையைப் பார்த்துச் சொல்ல வேண்டிய நான், கண்ணாடி வழியாக அவளைப் பார்த்துச் சொன்னேன். வாயசைவு தவறிப்போய் மூன்று தடவை சொல்ல வேண்டியதாயிற்று. மூன்று தடவையும் அவளைப் பார்த்துத்தான் சொன்னேன்.

பிறகு அந்த முதுகு ஷாட்டுக்காக அவள் உள்ளே போனாள். நூல் இல்லாத கையைத் திருப்பிப் பார்த்துவிட்டு இளவரசி சொல்ல வேண்டிய வரி பேப்பரில் இருந்தது: "இப்போது என்னை எதுவும் இழுக்கவில்லை. நானே வருகிறேன்." அவ்வளவுதான். எப்போதும் ஒரே டேக்கில் முடிப்பவள் நான்கு தடவை தடுமாறினாள். ஐந்தாவது தடவை வாயே திறக்கவில்லை, படம் மட்டும் ஓடி முடிந்தது. ஹெட்ஃபோனைக் கழற்றி மாட்டிவிட்டு வெளியே வந்தாள். கைப்பையிலிருந்து போனை எடுத்தாள். நம்பர் மனப்பாடமாகத் தெரிந்திருந்தது.

நானும் இன்ஜினியரும் எழுந்து வெளியே போகப் பார்த்தோம். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள், பிடி வலித்தது. போனில் சத்தம் முழுக்க வைத்திருந்ததால் மணி அடிப்பது எங்களுக்கும் கேட்டது. ஆறு தடவை அடித்தது.

"சொல்லுங்க," என்றார் அவர்.

அவள் வாயைத் திறந்தாள், மூடினாள். எத்தனை லட்சம் காதல் வரிகளை அந்த வாய் சொல்லியிருக்கும், ஒன்றுகூட உதவிக்கு வரவில்லை. எனக்கோ நாக்கு நுனியில் பத்து வசனம் நின்றது, கடித்துக்கொண்டேன். கடைசியில் அவளுக்கு வந்தது இதுதான். "சார், என்கிட்ட பேப்பர் இல்ல."

வெளி அறையில் அவர் உட்கார்ந்திருந்த நாற்காலியை நான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"பரவாயில்ல," என்றார். "படம் எதுவும் ஓடல. உங்க நேரத்துக்குச் சொல்லுங்க."

அப்போது அவள் பேசினாள். அந்தக் குரலை நான் அதுவரை கேட்டதில்லை. பதினேழு இல்லை. கனமாக, லேசாகக் கரகரத்து, நாற்பத்து மூன்று வயசுக் குரல். "அன்னைக்கு நீங்க சொன்னதை வசனம்னு நினைச்சுட்டேன். தெரிஞ்சிருந்தா இருங்கன்னு சொல்லியிருப்பேன். எனக்கு நீங்க வேணும். யாரும் எழுதிக் குடுக்கல, நானாத்தான் சொல்றேன். திரும்பி வாங்க. வர முடியாதுன்னா நான் அங்க வரேன்."

இன்ஜினியர் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றார். போனில் எங்கோ ஒரு மின்விசிறி சுற்றுகிற சத்தம், ஒரு நாற்காலி நகர்கிற சத்தம். அவர் இரண்டு தடவை எச்சில் விழுங்கியதுகூடக் கேட்டது.

"நல்லா வந்திருக்கு," என்றார். "சேஃப்டிக்கு இன்னொண்ணு சொல்லுங்க."

அவள் ஒரு வார்த்தைகூட மாற்றாமல் முழுவதையும் மறுபடியும் சொன்னாள்.